பபூன் பெண்டாட்டி

பட்டம்மாளுக்குக் கோபம் வந்தால் ஆம்பூரில் இரண்டு தெரு அடங்கும் என்று ஒரு காலத்தில் பேர். இப்போது அவளுக்குக் கோபம் வந்தால் அந்த இரண்டு தெருவும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறது. இந்த அநியாயத்தைச் செய்தவன் வேறு எவனுமில்லை, அவளுக்குத் தாலி கட்டிய புருஷன்தான்.

ஆதிகேசவன் என்று பேர் சொன்னால் சிலர் முழிப்பார்கள். இன்ஜின்காரர் என்றால் ஊருக்கே தெரியும். மதராஸில் ரயில் பட்டறையில் வேலை கற்று வந்தவன். மக்பூல் அகமது சாயபுவின் தோல் பதனிடுகிற ஷாப்புக்குச் சீமையிலிருந்து ஆயில் இன்ஜின் வந்து இறங்கியபோது, துண்டு துண்டாகக் கிடந்ததைப் பூட்டி ஓடவிட்டவன் அவன்தான். அந்த இன்ஜின் ஓடினால்தான் கிணற்றுத் தண்ணீர் தொட்டிகளுக்கு ஏறும், ஆவாரம்பட்டை அரைபடும். சுண்ணாம்பிலும் பட்டைத் தண்ணீரிலும் நாள் முழுக்க ஊறிக் கிடக்கிறவர்களுக்கு நடுவே காலில் பூட்ஸ் போட்டுக்கொண்டு நின்றவன் அவன் ஒருத்தன். அந்தப் பூட்ஸ் பெருமையில் பட்டம்மாளும் கொஞ்சம் நிமிர்ந்துதான் நடந்தாள். நடக்கட்டுமே, யாருக்கென்ன நஷ்டம்?

கெட்ட நேரம் நாடகக் கம்பெனி ரூபத்தில் வந்தது. மின்சார விளக்கில் நாடகம் என்று நோட்டீஸ் அடித்துக்கொண்டு ஊருக்குள் வந்தார்கள். வந்த இடத்தில் அவர்களுடைய டைனமோ மக்கர் பண்ணியது. கொட்டகைக்காரர்கள் ஆதிகேசவனைக் கூட்டிப் போனார்கள். போனவன் டைனமோவைச் சரி பண்ணிவிட்டுப் பேசாமல் வீட்டுக்கு வந்திருக்கலாம். திரைக்குப் பின்னால் உட்கார்ந்து வேடிக்கை பார்த்தான். அன்றைக்குப் பார்த்துப் பபூனுக்குக் காய்ச்சல். யாரோ முகத்தில் மாவை அப்பி விளையாட்டாக இவனை மேடைக்குத் தள்ளிவிட, இவன் தோல் ஷாப்பு ஆட்கள் ஒவ்வொருவரும் எப்படி நடப்பார்கள், எப்படி மூக்கைப் பிடிப்பார்கள் என்று நடித்துக் காட்டியிருக்கிறான். கொட்டகை இரண்டுபட்டது. கம்பெனி ஊரை விட்டுக் கிளம்பியபோது இன்ஜின்காரரும் அதோடு போய்விட்டார். பூட்ஸ் மட்டும் வீட்டு மூலையில் கிடந்தது.

சாயபு நேராக வீட்டு வாசலுக்கே வந்து கத்தினார்.

“இன்ஜின் ஓட்டத் தெரிஞ்சவன் இந்த ஜில்லாவுல எத்தினி பேரும்மா கீறான்? ஆட்டம் ஆடறவன் தெருவுக்கு நாலு பேர் கீறான். தோஸ்த் மாதிரி வெச்சிருந்தேனே! தண்ணி ஏறல, தோல் எல்லாம் அழுவுது. ஒரே பேஜாரா பூட்ச்சு.”

“என்னைக் கேட்டா? சொல்லிட்டா போனாரு? காலையில கூழு குடிச்சாரு, துண்டை ஒதறித் தோள்ல போட்டாரு, போய்ட்டாரு. தோல் அழுவுதுன்னு நீங்க வர்றீங்க. நான் அழுவுறதை யார்கிட்ட போய்ச் சொல்றது?”

சாயபு வந்த வழியே திரும்பிப் போனார். கெட்ட மனுஷர் இல்லை. வாலாஜாபேட்டையிலிருந்து வேறு இன்ஜின்காரன் வந்த பிறகு, அதே ஷாப்பில் ரோமம் அலசுகிற வேலைக்கு இவளைச் சேர்த்துக்கொண்டார். சுண்ணாம்பில் ஊறிய ஆட்டுத்தோலிலிருந்து வழித்தெடுத்த ரோமத்தைக் கூடையில் வாரி, சுண்ணாம்புக் குழிகளுக்குக் குறுக்கே போட்ட பலகை மேல் நடந்து போய்த் தண்ணீரில் அலசி, பாலாற்று மணலில் காயப் போட வேண்டும். கால்விரல் இடுக்கெல்லாம் சுண்ணாம்பு தின்று புண்ணாகிவிடும். சாயங்காலம் புளியும் சாம்பலும் போட்டுத் தேய்த்தாலும் கையில் நாற்றம் போகாது. அந்தக் கையால்தான் களியைப் பிட்டுத் தின்ன வேண்டும். முதல் மாதம் அவளால் தின்ன முடியவில்லை. அப்புறம் பசி தின்ன வைத்தது.

இதையெல்லாம் அவள் பொறுத்துக்கொண்டாள். பொறுக்க முடியாதது அப்புறம் வந்தது.

வாலாஜாபேட்டைக்குப் பட்டை ஏற்றப் போன வண்டிக்காரன் அங்கே நாடகம் பார்த்துவிட்டு வந்து சொன்னான். இன்ஜின்காரர் இப்போது பொம்பளை வேஷம் கட்டுகிறாராம். வேஷத்தின் பேர் பட்டம்மாவாம். இடது கையை இடுப்பில் வைத்து, வலது கையால் தொடையில் ஓங்கித் தட்டி, கொண்டை அவிழ அவிழப் புருஷனைத் திட்டுகிறாராம். பேச்சு, இழுப்பு, மூச்சு வாங்குவது எல்லாம் அப்படியே இவள். கடைசியில் ஒரு கூப்பாடு உண்டாம். “ஐயையோ, ஓடியாங்கடா, குடி கெட்டுதே!” என்று பட்டம்மா அலற, மேடையில் இருக்கிற ஊர் ஜனமெல்லாம் குடத்தைத் தூக்கிக்கொண்டு ஓடி வருமாம். வந்து பார்த்தால் சோறு பொங்கி வழிந்திருக்குமாம். அவ்வளவுதான். அதற்குத்தான் ஜனம் விழுந்து விழுந்து சிரிக்கிறதாம்.

அந்தக் கூப்பாடு எங்கேயிருந்து வந்தது என்று ஆம்பூர்க்காரர்களுக்குத் தெரியும். அவன் ஊரை விட்டுப் போவதற்கு முந்தின கோடையில் தெருக்கோடிக் கூரை பற்றிக்கொண்டபோது அவள் போட்ட கூப்பாடு அது. அதைக் கேட்டுத்தான் மசூதித் தெருவிலிருந்துகூட ஆட்கள் குடத்தோடு ஓடி வந்தார்கள். அன்றைக்கு அந்தத் தொண்டை இல்லாவிட்டால் தெருவே சாம்பல். காப்பாற்றப்பட்ட அதே தெரு, கம்பெனி பள்ளிகொண்டாவில் கொட்டகை போட்டபோது வண்டி கட்டிக்கொண்டு போய்ப் பார்த்துச் சிரித்துவிட்டு வந்தது. நன்றி கெட்ட ஜனம்!

அதற்கப்புறம் அவள் வாயைத் திறந்தாலே போச்சு. குழாயடியில் எவளோ முறையை மீறிக் குடத்தை நுழைத்தால், “ஏண்டி, கண்ணு அவிஞ்சா போச்சு?” என்று இவள் ஆரம்பிப்பதற்குள் நாலு பேர் இடுப்பில் கை வைத்துக்கொள்வார்கள். குடத்தை நுழைத்தவள் நிறைத்துக்கொண்டு போய்விடுவாள்.

ஷாப்பில் குழிகளின் குறுக்கே கிடந்த அந்தப் பலகை உளுத்துப்போயிருந்தது. பாரத்தோடு மிதித்தால் நடுவில் வளைந்து முறுக்கென்று சத்தம் போடும். ரோமம் அலசுகிற பெண்களுக்கெல்லாம் பயம். முன்பானால் பட்டம்மாள் ஒரு சத்தம் போட்டால் நிசார் அஹமது மேஸ்திரி மறுநாளே புதுப் பலகை போட்டிருப்பார். இந்தத் தடவையும் அவளைத்தான் முன்னால் தள்ளினார்கள்.

“பாய், பலகை உளுத்துப்போய்க் கீது. எவளாவது உள்ள விழுந்தா எலும்புகூட மிஞ்சாது. மாத்திக் குடுங்க.”

மேஸ்திரி வெற்றிலையைக் குதப்பிக்கொண்டே அவளை மேலும் கீழும் பார்த்தார். “இன்னா பட்டம்மா, கையைத் தொடையில தட்டலையே?”

“விளையாடாதீங்க பாய். புள்ளைக்காரிங்க நடக்கற பலகை அது. உங்க வூட்டு பொம்பளைங்க நடந்தா இப்பிடித்தான் விட்டுடுவீங்களா?”

“வருது, வருது! இன்னும் கொஞ்சம் சத்தமா!” என்று தோல் வழித்துக்கொண்டிருந்தவன் ஒருவன் கத்தினான். மேஸ்திரிக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. அவளுக்குப் பின்னால் நின்ற பெண்களில்கூட இரண்டு பேர் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்கள். அமிர்தவள்ளி ஒருத்திதான் சிரிக்கவில்லை. கைக்குழந்தைக்காரி, பாவம். அந்தப் பலகையில் கால் வைக்கும்போதெல்லாம் பட்டம்மாளின் தோளைப் பிடித்துக்கொண்டு நடப்பவள்.

“பாக்கலாம், போ,” என்றார் மேஸ்திரி. பலகை அப்படியே கிடந்தது.

இந்த நிலைமையில்தான் கம்பெனி மறுபடி ஆம்பூருக்கே வந்து கொட்டகை போட்டது. காலையில் கூழ் கரைத்துக்கொண்டிருந்தவள் நிமிர்ந்தால், வாசலில் சில்க் சட்டையும் கிராப்புமாக ஆதிகேசவன் நிற்கிறான். கையில் பூப்பொட்டலம்.

“இன்னாமே, ஆளைத் தெரியலையா?”

“தெரியாம இன்னா? ஜில்லாவுக்கே தெரியற ஆளாச்சே. புடவை எங்கே, கட்டிக்கினு வரலையா?”

அவன் சிரித்துக்கொண்டே உள்ளே வந்து உட்கார்ந்தான். அவள் பூவை வாங்கவில்லை.

“கோவம் இருக்கும். எனக்குத் தெரியும். கொஞ்சம் கேளு பட்டம்மா. இன்ஜின் கொட்டாயில அத்தினி வருஷம் கிடந்தேனே, ஒருத்தனாவது என் மூஞ்சியைப் பார்த்துக்கீறானா? இன்ஜின் நின்னாத்தான் என்னைத் தேடுவான். நல்லா ஓடுச்சின்னா அங்க ஒரு மனுசன் கீறதே தெரியாது. இங்க நான் உள்ளே வர்றதுக்கு முந்தியே கை தட்டறான். காட்பாடியில ஒரு கெழவன் என் கையைப் புடிச்சிக்கினு அழுதான். பொண்ணு செத்து மூணு மாசமாச்சாம், இன்னைக்குத்தான்டா சிரிச்சேன்னான். இன்ஜின் ஓட்டி இது கெடைக்குமா?”

“கெடைக்காது. நல்லா நடி. ஆடு, பாடு, தலைகீழா நில்லு. என்னை எதுக்குய்யா இட்டுனு போனே?”

“உன்னை எங்க இட்டுனு போனேன்?”

“என் வாயை இட்டுனு போகல? என் கையை, என் கொண்டையை? பேரைக்கூட உடலையே, பாவி!”

“பேரை மாத்திப் பார்த்தேன். அலமேலுன்னு வெச்சேன். ஜனம் சிரிக்கல. எனக்கே வரல. பட்டம்மான்னு சொன்னாத்தான் நாக்குல வருது. மொதலாளியும் இதை விட்டா வேற வேணாங்கறாரு. நான் இன்னா பண்றது?”

“இன்னா பண்றதா? மேஸ்திரிகிட்ட ஒரு பலகையை மாத்துன்னு கேக்க முடியலய்யா என்னால. வாயைத் தொறந்தா சிரிக்கறான். குழாயில தண்ணி புடிக்க முடியல. எங்களாட்டம் பொம்பளைங்ககிட்ட இன்னா கீது சொல்லு. சொத்து கீதா, ஆள் அம்பு கீதா? இந்தச் சத்தம் ஒண்ணுதான் கீது. அதையும் அறுத்து எடுத்துனு போய்க் கொட்டாயில கூறு போட்டு விக்கறியே, நீ மனுசனா?”

அவன் எழுந்தான். எழுந்தபோது கால் பட்டுக் கூழ்ச்சட்டி சாய்ந்து தரையெல்லாம் ஓடியது. அன்றைக்குப் பூராவும் அவளுக்கு இருந்த ஆகாரம் அதுதான். பட்டம்மாளுக்குப் பொறுக்கவில்லை. பொங்கிவிட்டாள். “அடப் பாழாப்போறவனே, உன் காலு வெளங்குமா, வந்த கால்லயே என் வவுத்துல மண்ணை அள்ளிப் போட்டியே, நீ பொறந்த நேரத்துக்கு உங்காயா உன்னைப் பாலாத்து மணல்ல பொதைச்சிருந்தா...”

நடுவில் நிறுத்தினாள். அவன் உதடு அசைந்துகொண்டிருந்தது. அவள் சொல்லச் சொல்ல, சத்தமில்லாமல் அவனும் சொல்லிக்கொண்டிருந்தான். வலது கைவிரல் தொடையில் தாளம் போட்டுக்கொண்டிருந்தது. கூழ்ச்சட்டி தானாகச் சாயவில்லை என்பது அப்போதுதான் அவளுக்கு உறைத்தது.

“படிக்கிறியா?” என்றாள். “என்னைத் திட்ட வெச்சுப் படிக்கிறியா?”

“அது இல்லமே... அந்தப் பாலாத்து மணலு. அது புதுசு. இன்னொரு வாட்டி சொல்லு, மறந்துடும்.”

கையிலிருந்த அகப்பையை அவன் முகத்தைப் பார்த்து வீசினாள். அவன் குனிந்துகொண்டு வெளியே ஓடினான். தெருவில் இரண்டு பேர் அதைப் பார்த்துக் கைதட்டினார்கள்.

வயிற்றில் ஒன்றுமில்லாமல்தான் அன்றைக்கு ஷாப்புக்குப் போனாள். யாரோடும் பேசவில்லை. வெயில் ஏறி மத்தியானம் சாய்கிற நேரம். ஈர ரோமக் கூடையோடு பலகை மேல் அவள் முன்னால் போய் இறங்கினாள். பின்னால் அமிர்தவள்ளி வந்தாள். கூடை பெரிசு, அதனால் தோளைப் பிடிக்கவில்லை. முறுக்கென்று சத்தம் கேட்டது. பட்டம்மாள் திரும்பினபோது பலகை இரண்டாகக் கிடந்தது. சுண்ணாம்புக் குழியில் கழுத்தளவுக்கு அமிர்தவள்ளி. முகமெல்லாம் வெள்ளை. கண்ணைத் திறக்க முடியாமல் இரண்டு கையாலும் தடவிக்கொண்டிருந்தாள்.

“ஐயையோ, ஓடியாங்கடா, குடி கெட்டுதே!”

வேறென்ன சொல்வாள்? மனுஷியின் அடிவயிற்றிலிருந்து வருகிற சத்தம் அது, யோசித்து மாற்றிச் சொல்ல முடியுமா? இன்ஜின் சத்தத்தையும் மீறி அது ஷாப்புக் கொட்டகை முழுக்கக் கேட்டது. கேட்டவர்கள் சிரித்தார்கள். தோல் வழிக்கிற பக்கத்திலிருந்து ஒருத்தன் அப்படியே மேடையில் வருகிற மாதிரி இழுத்துக் கேட்டான்:

“இன்னா பட்டம்மா, சோறு பொங்கிடுச்சா?”

கொட்டகையே கொல்லென்று சிரித்தது. அவள் மறுபடி கத்தினாள். மறுபடியும் சிரிப்பு. குழி விளிம்பில் குப்புறப் படுத்து, அமிர்தவள்ளியின் தலைமயிரைப் பிடித்து இழுத்துக்கொண்டே கத்தினாள். மற்றப் பெண்கள் ஓடி வந்து பார்த்துவிட்டு அலறிய பிறகுதான் ஆண்கள் எழுந்து வந்தார்கள். வந்த வேகத்தில் அவர்கள் முகத்தில் சிரிப்பு ஒட்டிக்கொண்டிருந்ததைப் பட்டம்மாள் சாகிற வரைக்கும் மறக்கமாட்டாள்.

தூக்கிப் போட்டுக் குடம் குடமாகத் தண்ணீர் ஊற்றினார்கள். உடம்பெல்லாம் சிவந்து தோல் வழன்றது. கண் திறக்கவில்லை. ஓடி வந்த கம்பவுண்டர் பார்த்துவிட்டு, “இங்க ஆவாது. உடனே வேலூர் ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போங்க. காட்பாடி பாசஞ்சர் வர்ற நேரந்தான். அதை விட்டா கண்ணு ரெண்டும் போயிடும், உசுருக்கும் நான் உத்தரவாதம் சொல்ல மாட்டேன்,” என்றார். சாயபு தலையில் அடித்துக்கொண்டு ஜட்காவுக்கு ஆள் அனுப்பினார். ஜட்கா கிடைக்கவில்லை. கயிற்றுக் கட்டிலில் போட்டு, ஈரத்துணி மூடி, நாலு பேர் தூக்கிக்கொண்டார்கள். அதில் சோறு பொங்கிடுச்சா என்று கேட்டவனும் ஒருத்தன். தலையைக் குனிந்துகொண்டு தூக்கினான். பட்டம்மாள் முன்னால் ஓடினாள்.

கடைத்தெரு முனையில் வழி அடைத்திருந்தது. நாடகக் கம்பெனியின் நோட்டீஸ் வண்டி, இரட்டை மாட்டு வண்டி, நடுத்தெருவில் நிற்கிறது. தப்பட்டை அடிக்கிறான் ஒருத்தன். சந்தைக்கு வந்த ஜனம் மொத்தமும் வண்டியைச் சுற்றி மொய்த்துக்கொண்டிருக்கிறது. வண்டி மேல் நீலப் புடவையும் கொண்டையுமாக ஆதிகேசவன். ராத்திரி நாடகத்துக்கு ஜனத்தை இழுக்கக் கொஞ்சம் மாதிரி காட்டிக்கொண்டிருந்தான். “பாலாத்து மணல்ல பொதைச்சிருந்தா...” என்று அவன் இழுத்ததும் சிரிப்பு அலை அடித்தது.

“வழி விடுங்க! உசுரு போவுது, வழி விடுங்க!”

ஜனம் திரும்பிப் பார்த்தது. அடுத்த நொடி ஒருத்தன் எகிறிக் குதித்தான். “டேய், அசலே வந்துடுச்சுடோய்!”

“கட்டிலோட வந்துடுச்சு! ஜோடனை பலே!”

“பட்டம்மா, சோறு பொங்கிடுச்சா?”

அவள் கும்பிட்டாள். அதற்கும் சிரித்தார்கள். துணியை விலக்கிப் பார்த்தால் தெரிந்திருக்கும். ஆனால் யாரும் விலகவில்லை, வேடிக்கை பார்க்க இன்னும் நெருக்கிக்கொண்டு வந்தார்கள். கட்டில் நகரவில்லை. தூரத்தில் ரயில் ஊதுவது கேட்டது.

வண்டி மேலிருந்த ஆதிகேசவனுக்குத்தான் உயரத்திலிருந்து துணி விலகிய முகம் தெரிந்தது. அமிர்தவள்ளியை அவனுக்குத் தெரியும். அவள் கல்யாணத்துக்குப் பந்தல்கால் நட்டவன் அவன். கொண்டையைப் பிடுங்கி எறிந்தான்.

“விலகுங்கய்யா! இது நாடகம் இல்ல! நெசமாவே அந்தப் பொண்ணு சாவுது, வழி விடுங்க!” என்று சொந்தக் குரலில் கத்தினான்.

ஜனம் கைதட்டியது. அவன் தலையில் அடித்துக்கொண்டான். விசில் பறந்தது. “ஐயா, என் தாய் மேல ஆணை, சத்தியமாச் சொல்றேன்,” என்று கை கூப்பி அழுதான். மையும் சாந்தும் கரைந்து முகமெல்லாம் வழிய, குழந்தை மாதிரி விக்கி விக்கி அழுதான். முன்வரிசையில் நின்ற கிழவர் ஒருவர் சிரித்துச் சிரித்து இருமல் வந்து உட்கார்ந்துவிட்டார்.

பட்டம்மாள் அதைப் பார்த்தாள். சொல்லக்கூடாது, ஒரு நொடி அவளுக்கு நெஞ்சு குளிர்ந்தது. அனுபவிடா, என்று நினைத்தாள். அதற்குமேல் நினைக்க நேரமில்லை.

புடவையை வரிந்து கட்டிக்கொண்டு வண்டி மேல் ஏறினாள். தப்பட்டைக்காரனைப் பிடித்துக் கீழே தள்ளினாள். நோட்டீஸ் கட்டுகளைக் காலால் உதைத்து ஒதுக்கினாள். “பாத்துக்கினு நிக்கிறீங்களே, தூக்குங்கடா!” என்று கட்டில்காரர்களைப் பார்த்து அலறினாள். ஷாப்பில் சோறு பொங்கிடுச்சா என்று கேட்டவனே முதல் ஆளாக அமிர்தவள்ளியைத் தூக்கி வண்டியில் படுக்க வைத்தான். ஆதிகேசவன் மாடுகளின் பிடிகயிற்றை அவிழ்த்து அவள் கையில் கொடுத்தான்.

“நானும் வர்றேன் பட்டம்மா. என்னை மன்னிச்சுடு. உன் கால்ல விழறேன்.”

“எறங்கு.”

“பட்டம்மா...”

“எறங்குய்யா கீழ. நீ அழுதா இங்க எல்லாரும் சந்தோசப்படறாங்க. நின்னு அழு.”

அவன் இறங்கினான். அவள் எழுந்து நின்று, வலது கையால் மாட்டின் முதுகில் ஓங்கி ஓர் அடி வைத்து, இருந்த சத்தத்தையெல்லாம் கூட்டி, “ஹேய்ய்!” என்று கத்தினாள்.

ஜனம் சிரித்தது. மாடுகள் பயந்தன. கொம்பைத் தாழ்த்திக்கொண்டு அவை பாய, சிரித்துக்கொண்டிருந்தவர்கள் விழுந்தடித்து இரண்டு பக்கமும் சாக்கடையில் குதித்தார்கள். ஸ்டேஷன் ரோடு திறந்தது. பட்டம்மாள் திரும்பிப் பார்க்காமல் கத்திக்கொண்டே ஓட்டினாள். அந்த ஊரில் அவள் சத்தத்தை நம்பினவை அந்த இரண்டு மாடுகள்தான்.